சீன எழுத்துருக்கள்: "எந்த ஊர்ச் சீனம்?" என்று முதலில் கேளுங்கள் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

உணவுப் பட்டியல், கடைப் பலகை, மருந்துப் பெட்டி, செயலி என்று ஏதோ ஒன்றில் சீன எழுத்தைச் சேர்க்க வேண்டி வரும்போது தமிழ் வடிவமைப்பாளர்களும் அச்சகத்தாரும் திரும்பத் திரும்பக் கேட்கும் ஐயங்கள் இவை. எழுத்து வடிவங்களைத் தமிழிலேயே விவரித்திருக்கிறோம். சீனம் தெரியாதவரும் அடையாளம் காண அது போதும்.

1. சீனத்துல மொத்தம் எத்தனை எழுத்து? ஒரே ஃபான்ட்டுல எல்லாம் இருக்குமா?

இருக்காது. சீன அரசு 2013-இல் வெளியிட்ட பொதுப் பட்டியலில் 8,105 எழுத்துகள். அதில் முதல் அடுக்கான 3,500 தெரிந்தால் நாளிதழ் படிக்கத் தடையில்லை. கணினிக்காக 1980-இல் வந்த ஜிபி 2312 தரத்தில் 6,763 எழுத்துகளும், தைவானின் பிக்5 தரத்தில் 13,053 எழுத்துகளும் இருந்தன. இன்றைய ஜிபி 18030 தரத்தின் 2022 பதிப்பு 87,887 எழுத்துகளைக் கணக்கில் எடுக்கிறது. ஆனால் ஒரு எழுத்துருக் கோப்பில் 65,535 வடிவங்களுக்கு மேல் வைக்கத் தொழில்நுட்பமே இடம் கொடுக்காது. 2014-இல் கூகுளும் அடோபியும் சேர்ந்து வெளியிட்ட, சீனம், ஜப்பானியம், கொரியம் மூன்றுக்குமான நோட்டோ சிஜேகே (அடோபி வைத்த பெயர் சோர்ஸ் ஹான்) அந்த எல்லையைத் தொட்டே நின்றது.

பல எழுத்துகளில் திரும்பத் திரும்ப வரும் உறுப்புகளை ஒட்டி எழுத்தைச் செய்துவிடலாமே என்று கேட்பார்கள். ஓரளவுதான் முடியும். "நீர்" என்னும் உறுப்பு மூன்று புள்ளிகளாக இடப்பக்கம் வரும். அதன் வலப்பக்கம் வருவது மூன்று கீற்றாகவும் (தூரிகையின் ஒரு இழுப்பு ஒரு கீற்று) இருக்கலாம், பதினெட்டாகவும் இருக்கலாம். உறுப்பைச் சுருக்கினால் கீற்றின் தடிமனும் சேர்ந்து சுருங்கும், பக்கத்தில் வைத்தால் ஒன்று வெளிறியும் மற்றொன்று கறுத்தும் தெரியும். அதனால் ஒவ்வொரு கட்டத்தையும் கையால் சரிசெய்தே ஆக வேண்டும். நல்ல சீன எழுத்துரு ஒன்று முடியப் பல ஆண்டுகள் ஆவது இதனால்தான்.

2. அடிப்படையா எத்தனை வகை இருக்கு? எதை எங்கே போடணும்?

நான்கைத் தெரிந்துகொண்டால் பெரும்பாலான வேலை நடக்கும். சோங்: கிடைக்கோடு மெல்லியது, செங்கோடு (நிமிர்ந்த கோடு) தடித்தது, கிடைக்கோட்டின் வலமுனையில் சிறு முக்கோணம். புத்தகத்தின் உடற்பகுதிக்கு இதுதான். ஹெய் என்றால் கறுப்பு. எல்லாக் கோடும் ஏறத்தாழ ஒரே தடிமன், முக்கோணம் கிடையாது. தலைப்பு, பலகை, கைப்பேசித் திரை எல்லாம் இதன் இடம். காய் தூரிகையால் நிதானமாக எழுதிய வடிவம், தொடக்கப்பள்ளிப் பாடநூல்களில் பிள்ளைகள் பார்த்து எழுதுவது இதைத்தான். ஃபாங்சோங் காய் போல எலும்பும் சோங் போல நேர்த்தியும் கொண்ட மெலிந்த வடிவம்.

ஃபாங்சோங்கைப் பார்த்ததும் சீன நாட்டுக்காரருக்கு அரசு அலுவலகம் நினைவுக்கு வரும். அரசு ஆவணங்களுக்கான 2012-ஆம் ஆண்டுத் தரம், உடற்பகுதி "மூன்றாம் எண்" அளவில் (16 புள்ளி) ஃபாங்சோங்கில், பக்கத்துக்கு 22 வரி, வரிக்கு 28 எழுத்து என்று வரையறுத்திருக்கிறது. திருமண அழைப்பிதழில் இதைப் போட்டால் சுற்றறிக்கை வாசம் அடிக்கும்.

3. சோங்-னு ஒரு அரச வம்சம் பேர்தானே? அந்தக் காலத்து எழுத்தா இது?

பெயர் சோங், பிறப்பு மிங். சோங் காலத்து (960–1279) நூல்கள் பெரும்பாலும் கையெழுத்தை ஒட்டியே பலகையில் செதுக்கப்பட்டவை. மிங் காலத்தில் (1368–1644) நூல் உற்பத்தி பெருகியபோது, செதுக்குவோர் கை வேகத்துக்கு ஏற்ப வடிவம் நேர்கோடுகளாக இறுகியது. பலகையில் மர ரேகை கிடைவாக்கில் ஓடும். ரேகையோடு போகும் கிடைக்கோட்டை மெல்லியதாகச் செதுக்கினாலும் நிற்கும். ரேகையைக் குறுக்கே வெட்டும் செங்கோடு மெல்லியதாக இருந்தால் உதிர்ந்துவிடும், ஆகவே தடிமன். வலமுனை முக்கோணம், தூரிகையை நிறுத்தி அழுத்துவதன் மிச்சம்.

பெருநிலச் சீனத்தில் "சோங்" என்பதைத் தைவானும் ஜப்பானும் "மிங்" என்கின்றன (ஜப்பானிய உச்சரிப்பில் மின்ச்சோ). வாடிக்கையாளர் "மிங் போடுங்கள்" என்றால் வேறொன்றைத் தேடி அலைய வேண்டாம்.

4. அச்சுக் கோப்பதைக் கண்டுபிடிச்சதே சீனர்கள்தான். அப்புறம் ஏன் சீன ஈய எழுத்தை மிஷனரிகள் செஞ்சாங்கன்னு சொல்றாங்க?

இரண்டும் உண்மை. 1040-களில் பி ஷெங் களிமண்ணில் தனி எழுத்துகளைச் சுட்டு அச்சிட்டதை அறிஞர் ஷென் குவோ எழுதிவைத்திருக்கிறார். வாங் ஜென் என்ற அதிகாரி 60,000-க்கும் மேற்பட்ட மர எழுத்துகளைச் செதுக்கச் செய்து, கோப்பவர் நடக்காமல் எழுத்தே அவரிடம் வரும்படி சுழலும் மேசையில் அடுக்கினார். அந்த முறையை 1313-இல் நூலில் பதிந்தார். சிங் வம்ச அரசவையில் 1770-களில் ஜின் ஜியான் மேற்பார்வையில் ஏறத்தாழ 2,53,000 மர எழுத்துகள் செதுக்கப்பட்டன. ஆனாலும் செதுக்கிய முழுப் பலகையே மலிவு. பலகையைப் பத்திரமாக வைத்து, வேண்டும்போது நூறு படி எடுத்துக்கொள்ளலாம். ஆயிரக்கணக்கான எழுத்துகளுக்கு ஈயமும் அடுக்கும் வேலையாளும் வேண்டாம்.

ஐரோப்பிய முறையில் எஃகு அச்சு வெட்டி ஈயத்தில் வார்க்கும் சீன எழுத்து 19-ஆம் நூற்றாண்டில் வந்தது. வங்காளத்தின் செராம்பூரில் மிஷனரி ஜோசுவா மார்ஷ்மன் குழு 1810-களிலேயே உலோகச் சீன எழுத்தில் அச்சிட்டது. பினாங்கிலும் மலாக்காவிலும் மிஷனரி சாமுவேல் டையர் எந்த எழுத்து எத்தனை முறை வருகிறது என்று நூல்களில் எண்ணிப் பார்த்து, அதற்கேற்ப அச்சு வெட்டினார். நிங்போவிலும் ஷாங்காயிலும் மிஷன் அச்சகத்தில் வேலை செய்த வில்லியம் கேம்பிள் மரத்தில் செதுக்கி மின்முலாம் முறையில் வார்ப்பு எடுத்தார். இதனால் செலவும் காலமும் வெகுவாகக் குறைந்தன.

கதையின் சுவையான திருப்பம் அடுத்தது. கேம்பிள் 1869-இல் ஜப்பானின் நாகசாகி போய் அங்கே மொதோகி ஷோசோ என்பவருக்கு இந்த முறையைக் கற்றுக்கொடுத்தார். டோக்கியோவில் அந்த மிங் வடிவம் மெருகேறி, 20-ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் ஜப்பானிய எழுத்தாகச் சீன அச்சகங்களுக்கே திரும்பி வந்தது. தங்கள் நூல் அயலார் வார்த்த எழுத்தில் வருவது பலரை உறுத்தியது. 1910-களில் ஹாங்சோவின் டிங் சகோதரர்கள் சோங் காலத்து நூல்களைப் பார்த்து "ஜூஜென் ஃபாங்சோங்" செய்ததன் பின்னணி அது. சோங்ஹுவா பதிப்பகம் பிறகு அதை வாங்கிக்கொண்டது. 2-ஆம் கேள்வியில் அரசு வாசம் அடித்த அதே ஃபாங்சோங்கின் வேர் இங்கேதான்.

5. எளிய வடிவம், மரபு வடிவம் – கஸ்டமர் "சைனீஸ்"னு மட்டும் சொன்னா எதை எடுக்கறது?

எடுக்காதீர்கள், கேளுங்கள். மரபு வடிவம் பழைய முழு எழுத்து, எளிய வடிவம் அதைச் சுருக்கியது. பெருநிலச் சீனம், சிங்கப்பூர், மலேசியப் பள்ளிகள்: எளிய வடிவம். தைவான், ஹாங்காங், மக்காவ்: மரபு வடிவம். மேலைநாடுகளின் பழைய சைனா டவுன்களில் மரபு வடிவம் மிகுதி. மலேசியாவில் தலைப்பு மரபு வடிவத்திலும் செய்தி எளிய வடிவத்திலும் வரும் நாளிதழ்கள் உண்டு, அதைப் பிழை என்று எண்ணித் திருத்தப் போகாதீர்கள்.

தவறான வடிவம் வாசிக்க முடியாதபடி இருக்கும் என்பதில்லை. "இது உங்களுக்காக எழுதியதல்ல" என்று முகத்தில் சொல்லும். 2016 பிப்ரவரியில் ஹாங்காங் தொலைக்காட்சி ஒன்று மாண்டரின் செய்திக்கு எளிய வடிவத்தில் வரிகள் ஓடவிட்டது. சில நாட்களில் 10,000-க்கு மேல் புகார் குவிந்தது.

6. கம்யூனிஸ்ட்டுகள்தான் எழுத்தைச் சிதைச்சாங்களா? "அன்பு" எழுத்துல இருந்து இதயத்தையே எடுத்துட்டாங்களாமே?

எடுத்தது உண்மை. மரபு வடிவில் "அன்பு" எழுத்தின் நடுவே "இதயம்" உறுப்பு உண்டு, எளிய வடிவில் இல்லை. ஆனால் அந்தச் சுருக்கம் அலுவலகத்தில் உட்கார்ந்து கண்டுபிடித்ததல்ல. விரைவெழுத்தில் தூரிகை அந்த இடத்தை ஒரே வீச்சில் கடந்துபோன பழைய பழக்கத்தை அச்சுக்குக் கொண்டுவந்தார்கள். எளிய வடிவங்களில் கணிசமானவை இப்படிக் கையெழுத்தில் முன்பே புழங்கியவை.

கம்யூனிஸ்ட்டுகளுக்கு முன்பே, 1935-இல் தேசியவாத அரசு 324 எளிய எழுத்துகளை அறிவித்து மறு ஆண்டே திரும்பப் பெற்றது. மக்கள் சீனத்தின் திட்டம் 1956-இல் வந்தது, 1964-இன் முழுப் பட்டியலில் 2,236 எழுத்துகள். 1977-இல் வந்த இரண்டாவது சுற்று எவருக்கும் பிடிக்காமல் 1986-இல் கைவிடப்பட்டது. மரபு வடிவத்துக்காக வாதாடும் தைவானியரே "தைவான்" என்பதன் முதல் எழுத்தைக் கையால் எழுதும்போது சுருக்க வடிவத்தில்தான் எழுதுவார்கள். எழுதும்போது அடிக்கும் குறுக்குவழி வேறு, அச்சில் காட்டும் முகம் வேறு என்பது அவர்கள் கணக்கு. சச்சரவு முழுக்க அச்சைப் பற்றியது.

7. ஒரு பட்டனை அழுத்தினா எளியதுல இருந்து மரபுக்கு மாறிடுதே, அது போதாதா?

மரபிலிருந்து எளியதற்குப் போவது பெரும்பாலும் பாதுகாப்பு. திரும்பி வருவதுதான் ஆபத்து, ஏனெனில் பல மரபு எழுத்துகள் ஒரே எளிய எழுத்தில் கலந்திருக்கின்றன. "ஹோ" என்ற எளிய எழுத்து "அரசி"யும்தான், "பின்னால்" என்பதும்தான். "மியென்" முகமும்தான், நூடுல்ஸ் மாவும்தான். "ஃபா" தலைமுடியும்தான், "பெருகு, வெளிப்படு" என்பதும்தான். முடிதிருத்தும் கடைப் பலகையில் முடிக்குப் பதில் "பெருகு" வருவது மாற்றியின் பழைய கைவரிசை. நல்ல மாற்றிகள் சொல்லாகப் பார்த்து மாற்றும், இடப்பெயரிலும் ஆட்பெயரிலும் அவையும் தடுமாறும்.

எழுத்து சரியாக மாறினாலும் சொல் மாறாது. மென்பொருளைப் பெருநிலத்தில் "ருவான்ஜியன்" என்பார்கள், தைவானில் "ருவான்தி". மாற்றிய உரையை அந்த ஊர்க்காரர் ஒருவர் படித்தாக வேண்டும்.

8. மரபு வடிவம்தான் போட்டேன், எழுத்தும் சரி. ஆனா தைவான் கஸ்டமர் "இது எங்க எழுத்து இல்லை"ங்கறார். ஏன்?

அதிகம் பேர் மாட்டிக்கொள்ளும் இடம் இது. சீனம், ஜப்பானியம், கொரியம் மூன்றிலும் பொதுவான எழுத்துகளுக்கு யூனிகோடு ஒரே எண்ணைத் தந்தது. எண் ஒன்று, ஆனால் ஊருக்கு ஊர் முகம் வேறு. "எலும்பு" எழுத்தைப் பாருங்கள். மேலே உள்ள பெட்டிக்குள் ஒரு சிறு மூலை மடங்கும். பெருநிலச் சீனத்தில் அது இடப்பக்கம் (மொத்தம் 9 கீற்று), தைவானில் வலப்பக்கம் (10 கீற்று). "புல்" உறுப்பு பெருநிலத்தில் ஒரே கிடைக்கோட்டில் இரு செங்கோடுகளாக 3 கீற்று, தைவான் கல்வித்துறை வடிவத்தில் நடுவில் பிரிந்து 4 கீற்று.

எண்ணைப் பார்த்து எந்த முகம் காட்டுவது என்று எழுத்துருவும் மொழிக்குறியும் (உரை எந்த மொழி என்று கருவிக்குச் சொல்லும் குறி) சேர்ந்தே முடிவுசெய்கின்றன. இணையப் பக்கத்தில் மொழிக்குறியே இல்லாவிட்டால் கருவி தன் விருப்பப்படி, சில நேரம் ஜப்பானிய முகத்தைக் காட்டும். எளிய வடிவத்துக்கு "ஹான்ஸ்", மரபுக்கு "ஹான்ட்", கூடவே தைவானா ஹாங்காங்கா என்ற வட்டாரக்குறி – உங்கள் உரைக்குப் பொருந்துவதைத் தெளிவாக இடுங்கள். ஆப்பிளின் பிங்ஃபாங் எழுத்துருவில் பெருநிலம், தைவான், ஹாங்காங் ஆகியவற்றுக்குத் தனித்தனி வகைகள் உண்டு. நோட்டோ சிஜேகேயில் ஹாங்காங் வகை 2018-இன் இரண்டாம் பதிப்பில்தான் சேர்ந்தது. அச்சு வேலை என்றால் பொருத்தமான வகையின் பெயரைக் கோப்பிலேயே தேர்ந்து, பிடிஎஃப்பில் பொதித்து அனுப்புங்கள்.

இன்னொரு கோளாறு: ஒரே வரியில் நான்கைந்து எழுத்து மட்டும் தடித்தோ மெலிந்தோ நிற்கும். ஜிபி 2312 அளவே உள்ள எழுத்துருவில் மரபு உரையை ஒட்டினால், இல்லாத எழுத்துகளை மென்பொருள் வேறொன்றிலிருந்து கடன் வாங்கும். சீனம் தெரியாத கண்ணுக்கும் இது தெரியும். கண்டால் அந்த எழுத்துகளை மட்டும் மாற்றாமல் எழுத்துருவையே மாற்றுங்கள்.

9. போல்ட், இட்டாலிக் எல்லாம் போடலாமா? ஏதாவது ஒரு சொல்லை எப்படித் தூக்கிக் காட்டறது?

சாய்வெழுத்து சீனத்தில் கிடையாது. மென்பொருள் சாய்த்துத் தந்தால் கட்டமே சரிந்து விழுவது போல இருக்கும். தடிப்புக்கு அந்த எழுத்துருவின் தனித் தடித்த வகை வேண்டும். போலித் தடிப்பு கோட்டைச் சுற்றிக் கோடு போடும், 20 கீற்றுக்கு மேல் உள்ள எழுத்து மைத்துளியாக அடைந்துவிடும். சொல்லைத் தூக்கிக் காட்ட ஹெய் வகைக்கோ காய் வகைக்கோ மாறுங்கள், அல்லது எழுத்துக்குக் கீழே ஒவ்வொரு புள்ளி இடுங்கள். நூல், படப் பெயர்களுக்கு இரட்டைக் கோணக் குறிகள் இருக்கின்றன.

அகலத்தை மட்டும் இழுப்பதும் நசுக்குவதும் கூடாது, 3-ஆம் கேள்வியில் சொன்ன மெல்லிய–தடித்த விகிதம் உடைந்துபோகும். கறுப்புப் பின்னணியில் வெள்ளையாகச் சோங்கைச் சிறிதாகப் போட்டால் மை பரவிக் கிடைக்கோடுகள் காணாமல் போகும், அங்கே ஹெய்யே சரி.

10. வரி அளவு, நிறுத்தக்குறி இதுக்கெல்லாம் கணக்கு உண்டா?

உண்டு, நம் பழக்கத்தைவிடக் கறாரானது. ஒவ்வொரு எழுத்தும் ஒரு சதுரம். அதனால் பத்தியின் அகலம் எழுத்தளவின் முழு மடங்காக இருக்கட்டும்: 10.5 புள்ளி ("ஐந்தாம் எண்", வழக்கமான உடற்பகுதி அளவு) × 28 எழுத்து = 294 புள்ளி. மடங்கு தவறினால் சமன்செய்யும்போது எழுத்துகளுக்கு இடையே பல் விழுந்த இடைவெளி வரும். வரியிடை 1.5 முதல் 1.75 மடங்கு. சொற்களுக்கு நடுவே இடைவெளி கிடையாது, பத்தித் தொடக்கத்தில் இரண்டு எழுத்து இடம் விடுவார்கள்.

நிறுத்தக்குறியும் முழுச் சதுரம் எடுக்கும். ஆங்கிலக் காற்புள்ளியை இடுவது தொடக்கக்காரர் தவறு. பெருநிலத்தில் காற்புள்ளி, முற்றுப்புள்ளி சதுரத்தின் கீழ் இடமூலையில் உட்காரும், தைவானிலும் ஹாங்காங்கிலும் நடுவில். மேற்கோளுக்குப் பெருநிலம் வளைந்த குறிகளையும், தைவான் மூலைவடிவக் குறிகளையும் இடும். காற்புள்ளி, முற்றுப்புள்ளி, மூடும் குறி வரித் தொடக்கத்தில் வரக்கூடாது, திறக்கும் குறி வரிக் கடைசியில் நிற்கக்கூடாது.

11. மேலிருந்து கீழாத்தானே சீனம்? இப்ப ஏன் கிடையா இருக்கு?

குவாங்மிங் நாளிதழ் 1955 ஜனவரி 1-இலும் மக்கள் நாளிதழ் 1956 ஜனவரி 1-இலும் கிடைவரிக்கு மாறின. தைவானில் அரசு ஆவணங்கள் 2005-இல்தான் மாறின. அங்கே நாவல்கள் இன்றும் செங்குத்து, வலமிருந்து இடம், முதுகு வலப்பக்கம். தைவானுக்கு நூல் அச்சிட்டால் கட்டும் பக்கத்தை முதலிலேயே உறுதிசெய்யுங்கள்.

12. சைனீஸ் ரெஸ்டாரன்ட்னு தெரியணும். அந்த "தூரிகை மாதிரி" இங்கிலீஷ் ஃபான்ட் போடலாமா?

வேண்டாம் என்பதே எங்கள் கருத்து. முக்கோணக் கத்தி வெட்டுகளால் ஆன அந்த ரோமன் எழுத்துக்கு 1883-இல் அமெரிக்காவின் கிளீவ்லாந்து வார்ப்பகம் வைத்த பெயர் "சைனீஸ்", பின்னால் "மாண்டரின்" ஆனது. 2-ஆம் கேள்வியின் நான்கு வகைகளில் எதனோடும் அதற்கு உறவில்லை. சைனா டவுன் கடைக்காரர்களே வியாபாரத்துக்காக அதைப் பயன்படுத்தினார்கள் என்பதும் உண்மை. ஆனால் சீனரைக் கேலிசெய்த சுவரொட்டிகளும் அதே எழுத்தில் வந்ததால் வடு ஒட்டிக்கொண்டது. வெளிநாட்டு "இந்தியன்" உணவகங்கள் ஆங்கில எழுத்தை மேற்கோட்டில் தொங்கவிட்டு எழுதுவதைப் பார்த்துத் தமிழருக்கு வரும் சலிப்பை நினைத்துக்கொள்ளுங்கள்.

கடைப்பெயரைச் சீனத்தில் நல்ல காய் வகையிலோ, எழுத்துக்கலைஞர் கையாலோ பெரிதாக எழுதி, ஆங்கிலத்தைச் சாதாரண எழுத்தில் விடுங்கள். சீனாவிலும் அதுதான் மரபு: சீன வங்கியின் பெயர் எழுத்தாளர் குவோ மோருவோவின் கையெழுத்து, மக்கள் நாளிதழின் முகப்பு மாவோவுடையது. உயிரோடு இருப்பவர் பெயரைச் சிவப்பில் எழுதாதீர்கள், அமங்கலம் என்பார்கள்.

13. ஹாங்காங் பலகை எழுத்துன்னு தனியா ஏதும் உண்டா?

உண்டு. பழைய கடைப் பலகைகளில் வட வெய் காலத்து (386–534) கல்வெட்டுகளிலிருந்து வந்த முரட்டு வடிவம் ஒன்று ஓங்கி நிற்கும். கீற்றுகள் கோடரியால் வெட்டியது போல, தூரத்திலிருந்தும் படிக்கலாம். சிறைக்கைதிகள் கையால் வெட்டிச் செய்த சாலைப் பலகை எழுத்து மற்றொன்று. ஒரே எழுத்து பலகைக்குப் பலகை வேறுபடும், விகிதமும் கொஞ்சம் கோணல். கணினி எழுத்து வந்ததும் அது மறையத் தொடங்கியது. எஞ்சிய பலகைகளைப் படமெடுத்து ஆர்வலர்கள் எழுத்துருவாக மீட்டிருக்கிறார்கள். தைவானில் தைப்பேயின் ரிசிங் வார்ப்பகம் (1969) இன்னும் மரபு ஈய எழுத்தை வார்க்கிறது. 2015-இல் "ஜின்சுவான்" என்ற புதிய தைவான் எழுத்துருவுக்குப் பொதுமக்கள் தந்த முன்பணம் இரண்டரைக் கோடித் தைவான் டாலருக்கு மேல்.

ஹாங்காங் அரசு 1999-இல் அங்கே பேசும் கான்டனீய மொழிச் சொற்களுக்கும் ஊர்ப் பெயர்களுக்குமாக 4,702 கூடுதல் எழுத்துகளைத் தரப்படுத்தியது. ஹாங்காங் வேலைக்கு எடுக்கும் எழுத்துருவில் அவை இருக்கின்றனவா என்று பாருங்கள்.

14. ஒருத்தர் பேர்ல ஒரு எழுத்து மட்டும் கட்டமா வருது. பக்கத்து எழுத்தைப் போட்டுடலாமா?

கூடாது, அது வேறொருவர் பெயர் ஆகிவிடும். சீனப் பிரதமராக இருந்த சூ ரோங்ஜியின் பெயரில் நடு எழுத்து ஜிபி 2312-இல் இல்லை. தைவான் பிரதமராக இருந்த யூ ஷி-குனின் கடைசி எழுத்து பிக்5-இல் இல்லை, செய்திகளில் அதன் உறுப்புகளை "ஃபாங் ஃபாங் து" என்று பிரித்து எழுதினார்கள். இன்று பெரும்பாலும் எழுத்து யூனிகோடில் இருக்கும், உங்கள் எழுத்துருவில்தான் இராது. நோட்டோ சிஜேகேயில் முதலில் தேடுங்கள், உரிமமும் தடையற்றது, வணிகத்துக்கும் இலவசம். மைக்ரோசாஃப்ட் யாஹெய் போலக் கணினியோடு வருவதை அச்சுப் பொருளுக்கு எடுக்கும் முன் தனி உரிமம் தேவையா என்று பாருங்கள்.

15. சிங்கப்பூர் போர்டு – சீனமும் தமிழும் பக்கத்துல பக்கத்துல. எப்பவும் சீனம் பெரிசாத் தெரியுதே?

ஒரே புள்ளி அளவில் சீன எழுத்து சதுரத்தை நிரப்பிவிடும். தமிழெழுத்து மேலே விசிறிக்கும் கீழே சுழிக்கும் இடம் விட்டு நடுவில் உட்காரும். சீனத்தை 10 முதல் 15 சதவீதம் குறைத்துக் கண்ணால் சமன்செய்யுங்கள். தடிமனுக்கு, சீனத்தின் செங்கோட்டையும் தமிழில் "ப"வின் செங்கோட்டையும் ஒப்பிட்டுப் பாருங்கள். நீளத்தில் தப்ப முடியாது. நான்கு சதுரத்தில் முடியும் சீனச் செய்திக்குத் தமிழ் ஒரு முழு வரி கேட்கும். பலகையின் அகலத்தைத் தமிழை வைத்து முடிவுசெய்தால் சீனம், மலாய், ஆங்கிலம் மூன்றும் தானே அடங்கும். சிங்கப்பூர் என்பதால் எளிய வடிவம்தான் (5-ஆம் கேள்வி).

இரண்டு மொழியும் ஒரே பரப்பைப் பங்கிடுவது புதிதல்ல. இலங்கையின் காலி நகரில் 1911-இல் கிடைத்து இன்று கொழும்பு தேசிய அருங்காட்சியகத்தில் இருக்கும், சீனக் கடற்படைத் தலைவர் செங் ஹேயின் கல்வெட்டு (1409) சீனம், தமிழ், பாரசீகம் மூன்றிலும் உள்ளது. சீனம் செங்குத்து வரிசைகளில் புத்தருக்கும், தமிழ் கிடைவரிகளில் தெனாவரை நாயனாருக்கும், பாரசீகம் அல்லாவுக்கும் காணிக்கை சொல்கிறது. ஒன்று மற்றொன்றின் மொழிபெயர்ப்பல்ல.